மதுவில்லாத 'பீன்யா கொலாடா' ஐஸ்!

பெயரைப் பார்த்து மிரண்டுவிடாதீர்கள். 'பீன்யா கொலாடா' என்றால் ஸ்பானிஷ் மொழியில் 'வடிகட்டிய அன்னாசி' என்றுதான் அர்த்தம். கரீபியன் தீவான போர்ட்டோ ரிக்கோவின் பானம் இது. அங்கே சான் ஹுவான் நகரிலுள்ள கரீப் ஹில்டன் ஹோட்டலில் ரமோன் மரேரோ என்பவர் 1954-ல் கலந்து கொடுத்தாராம். இது அந்த ஹோட்டல் சொல்லும் கதை. 'நாங்கள்தான் முதலில் செய்தோம்' என்பவர்கள் வேறு சிலரும் உண்டு. 1978-ல் இதைத் தீவின் அதிகாரபூர்வ பானமாகவே அறிவித்துவிட்டார்கள். அன்னாசிச் சாறு, கெட்டித் தேங்காய்ப் பால், ரம் என்ற மது. மூன்றாவதைத் தள்ளிவிட்டால், பாக்கி இரண்டும் நம் சமையலறைச் சாமான்கள்தானே!

இதையே ஐஸாக உறைய வைத்து விருந்துகளில் கொடுப்பதும் உண்டு. அப்படி ஒரு விருந்தில், பக்கத்திலிருந்த பெண் தன் நான்கு வயதுக் குழந்தைக்கு அதை ஊட்டப் போனாள். "வேண்டாம்மா, இதிலே ரம் சேர்த்திருக்கு" என்றேன். "ஐஸாயிட்டா போதை போயிடாதா, அக்கா?" என்று கேட்டாள்.

போகாது, சகோதரிகளே! ஆல்கஹால் உறைய மைனஸ் 114 டிகிரி குளிர் வேண்டும். நம் வீட்டு ஃப்ரீஸரில் மைனஸ் 18 டிகிரிதான். தண்ணீர் ஐஸாகும், ஆல்கஹால் அப்படியே அதற்குள் தங்கியிருக்கும். சின்னக் குழந்தைக்குக் கொஞ்சம் போனாலே ரத்தத்தில் சர்க்கரை இறங்கி ஆபத்தாகிவிடலாம். கர்ப்பிணிகளுக்கும் கூடாது. வெளியிடத்தில் "இதில் என்ன சேர்த்திருக்கிறீர்கள்?" என்று கேட்டுவிட்டே ஊட்டுங்கள். இதில் வெட்கமென்ன?

வீட்டிலே நான் செய்யும் முறையைச் சொல்கிறேன்.

தேவையானவை: பொடியாக நறுக்கிய அன்னாசி 2 கப், சர்க்கரை முக்கால் கப், கெட்டியான முதல் தேங்காய்ப் பால் 1 கப், எலுமிச்சம் சாறு 1 டேபிள் ஸ்பூன், உப்பு ஒரு சிட்டிகை.

செய்முறை: அன்னாசியின் தோல், கண், நடுத்தண்டு எல்லாவற்றையும் நீக்கிவிட்டு நறுக்குங்கள். சர்க்கரை சேர்த்து, எவர்சில்வர் பாத்திரத்தில் ஏழெட்டு நிமிஷம் கொதிக்க விடுங்கள். நன்றாக ஆறியதும் மிக்ஸியில் அரைத்து வடிகட்டுங்கள். தேங்காய்ப் பால், எலுமிச்சம் சாறு, உப்பு சேர்த்துக் கலக்கி, அகலமான தட்டில் ஊற்றி ஃப்ரீஸரில் வையுங்கள். ஒன்றரை மணி நேரத்தில் ஓரங்கள் உறைந்திருக்கும். முள்கரண்டியால் சுரண்டிக் கிளறி மறுபடி வையுங்கள். அரை மணிக்கு ஒரு தரம், மூன்று தடவை இப்படிச் செய்தால் பூப்போல வரும். பரிமாறுவதற்கு ஐந்து நிமிஷம் முன்னால் வெளியே எடுத்து வையுங்கள்.

அன்னாசியைக் கொதிக்க வைப்பானேன் என்கிறீர்களா? பச்சை அன்னாசியில் புரதத்தைச் சிதைக்கிற 'புரோமலெய்ன்' இருக்கிறது. பசும்பால், கிரீம் சேர்த்தால் அதனால் கசந்துவிடும். கொதித்தால் அதன் வேலை நின்றுபோகும். பசும்பால் சேர்க்கிறவர்களுக்கு இது ரொம்ப முக்கியம்.

சர்க்கரையை ஒரேயடியாகக் குறைக்காதீர்கள். ரம் சேர்த்த ஐஸ் கல்லாகாமல் இருப்பது ஆல்கஹாலினால். அது இல்லாதபோது அந்த வேலையைச் சர்க்கரைதான் பார்க்கிறது. தித்திப்பு அதிகம் என்று தோன்றினால், ஆளுக்குச் சின்னக் கிண்ணத்தில் இரண்டு கரண்டி கொடுங்கள், அதுவே போதும். சர்க்கரை வியாதி உள்ளவர்களுக்கு இது வேண்டாம். ஒரு வயது நிரம்பாத குழந்தைக்கும் வேண்டாம்.

இன்னொன்று: குளிரில் கிருமிகள் சாவதில்லை, தூங்குகின்றன, அவ்வளவுதான். கை, பாத்திரம், தேங்காய்ப் பால் எடுக்கும் தண்ணீர் எல்லாம் சுத்தமாக இருக்கட்டும். தண்ணீரைக் காய்ச்சி ஆற வைத்தே உபயோகியுங்கள். கரைந்துபோனதைத் திரும்ப உறைய வைக்காதீர்கள்.

அன்னாசி மலிவாகக் கிடைக்கும் நாளில் செய்து பாருங்கள். ஆறு பேருக்குத் தாராளமாகக் காணும்!