வீட்டுக்கடனின் மெய்விலை

வீடு வாங்குவோர் பலர், கிரயப் பத்திரத்திற் கண்ட தொகையே அதன் விலையென்று எண்ணுகின்றனர். நெடுங்காலக் கடன் கொண்டு வாங்குவார்க்கு மெய்விலை வேறாகும். இதனை ஓர் உதாரணத்தால் விளக்குவாம்.

ஒருவர் தம் வீட்டை ஈடாக வைத்து, ஆண்டுக்கு நூற்றுக்கு 9 வட்டியில், 20 ஆண்டுத் தவணைக்கு 10,00,000 ரூபாய் கடன் பெறுகின்றார் என்க. மாதந்தோறும் அவர் செலுத்துவது 8,997 ரூபாய். முதல் மாதத்தில் இதனுள் 7,500 ரூபாய் வட்டிக்கே போகும். அசலிற் கழிவது 1,497 ரூபாயே. எஞ்சிய அசலின்மேல் வட்டி கணக்கிடப்படுதலே இதற்குக் காரணமாம். ஆகவே, 10 ஆண்டில் 10,79,000 ரூபாய்க்குமேல் செலுத்திய பின்னரும், ஏறத்தாழ 7,10,000 ரூபாய் கடன் நிற்கும்! முடிவிற் செலுத்திய மொத்தமோ 21,59,000 ரூபாயைக் கடக்கும்.

இக்கடனையே 15 ஆண்டில் தீர்ப்பதாயின் மாதத் தவணை 10,143 ரூபாய். மாதம் 1,146 ரூபாய் மிகுதியாகச் செலுத்துதலால் மிஞ்சுவது 3,33,000 ரூபாய்க்கு மேலாம். தொடக்க ஆண்டுகளிற் கூடுதலாகக் கட்டும் ஒவ்வொரு ரூபாயும் அசலைக் குறைத்து, அதன்மேல் வரும் பல்லாண்டு வட்டியையும் அறுக்கும். மாறும் வட்டியிற் பெற்ற வீட்டுக்கடனை முன்னரே அடைப்போரிடம் பாங்குகள் தண்டம் வாங்கலாகாதென்று ரிஸர்வ் பாங்கும் 2012-ஆம் ஆண்டில் ஆணையிட்டது.

ஆதலின், நேயர்காள், நும் இல்லத்தார் கையொப்பமிடுமுன், "மாதம் எவ்வளவு?" என்று மட்டுங் கேளாது, "முடிவில் மொத்தம் எவ்வளவு?" என்றுங் கேட்கச் செய்ம்மின். ஒரு குடும்பத்தின் பல்லாண்டு உழைப்பு அவ்வொரு வினாவில் அடங்கியுள்ளதன்றோ!