மூச்சைத் தோளில் சுமந்து நடக்கலாம்

கிணற்றடியிலிருந்து ஒரு வாளி தண்ணீர் தூக்கி வந்ததும் வாசற்படியில் குந்தியிருந்து இளைக்கும் தாய்மார் எத்தனை பேரை நாம் பார்த்திருக்கிறோம்! "வயது போனால் இப்படித்தான்" என்று அவர்களும் சொல்லுவார்கள், நாமும் விட்டுவிடுவோம். ஆனால் மாதக்கணக்கில் மாறாத இருமலும் சளியும், நடந்தால் வரும் இளைப்பும் நாட்பட்ட சுவாச அடைப்பு நோயின் அறிகுறிகளாக இருக்கலாம்.

இது புகைபிடிக்கும் ஆண்களுக்கு மட்டும் வரும் வருத்தம் என்று எண்ண வேண்டாம். சுருட்டைக் கையால் தொடாத பெண்ணும் முப்பது, நாற்பது வருடம் விறகடுப்பின் முன் குனிந்து ஊதியிருப்பாள். கூடாரத்திலும் தகரக் கொட்டிலிலும் புகை போக வழியில்லாமல் சமைத்த காலமும் நமக்கு உண்டு. அந்தப் புகை சுவாசக் குழாய்களைச் சுருக்கி, நுரையீரலின் காற்றறைகளைச் சிதைக்கிறது. சிதைந்தது திரும்ப வளராது; ஆனால் மேலும் கெடாமல் காக்கலாம்.

ஒட்சிசன் என்றால் கடைசிக் கட்டமா?

நோய் முற்றும்போது சிலருக்கு இரத்தத்தில் ஒட்சிசன் குறைகிறது. இதயம் களைத்து, கால்கள் வீங்கலாம். அப்போது வீட்டிலேயே ஒட்சிசன் எடுக்கும்படி வைத்தியர் சொன்னால், "இனி முடிந்தது" என்று வீடே அழுகிறது. இந்தப் பயம் தேவையற்றது. 1981இல் வெளியான பிரித்தானிய ஆய்வொன்றில், நாளொன்றுக்குக் குறைந்தது 15 மணித்தியாலம் ஒட்சிசன் எடுத்த 42 பேரில் 19 பேரே ஐந்து வருடத்துள் இறந்தனர். எடுக்காத 45 பேரில் 30 பேர் இறந்தனர்.

ஒட்சிசன் எடுப்பவர் படுக்கையிலேயே கிடக்கவும் தேவையில்லை. 1960களின் நடுப்பகுதியில், கடல் மட்டத்திலிருந்து 1,600 மீற்றர் உயரத்திலுள்ள அமெரிக்காவின் டென்வர் நகரில், வைத்தியர் தோமஸ் பெற்றியும் அவருடன் பணியாற்றியோரும் தூக்கிச் செல்லக்கூடிய திரவ ஒட்சிசன் கலங்களை நோயாளரிடம் கொடுத்து அவர்களை நடக்கவைத்தனர்.

இன்று கைப்பையளவு இயந்திரங்களும் உள்ளன. நாம் சுவாசிக்கும் காற்றில் 21 வீதமே ஒட்சிசன். இயந்திரம் நைதரசனைப் பிரித்தெடுத்துவிட்டு, ஒட்சிசன் செறிந்த காற்றை மூக்குக் குழாய் வழியே தரும். சிலிண்டர் போல நிரப்பத் தேவையில்லை. ஆனால் மின்சாரமோ பற்றரியோ வேண்டும். பற்றரி சில மணித்தியாலமே தாங்கும்.

எல்லோருக்கும் தேவையா?

இல்லை. இளைப்பு உள்ளவர் எல்லோருக்கும் ஒட்சிசன் குறைவதில்லை. விரலில் மாட்டும் கருவி, ஓய்வாக இருக்கும்போதும் 88 வீதமோ அதற்குக் குறைவோ காட்டினால், இரத்தப் பரிசோதனை செய்து வைத்தியரே தீர்மானிப்பார். 738 பேரிடம் நடத்தப்பட்டு 2016இல் வெளியான அமெரிக்க ஆய்வில், குறைவு மிதமாக இருந்தவர்களுக்கு ஒட்சிசனால் ஆயுள் கூடவில்லை. ஆகவே கடன்பட்டு இயந்திரம் வாங்க முன்னர் கிளினிக்கில் கேளுங்கள்.

வீட்டில் கவனிக்க வேண்டியவை

1. வைத்தியர் சொன்ன அளவைக் கூட்ட வேண்டாம். இந்நோயாளர் சிலருக்கு ஒட்சிசன் கூடினால் இரத்தத்தில் காபனீரொட்சைட்டு சேர்ந்து மயக்கம் வரும்.

2. ஒட்சிசன் தானாக எரியாது. ஆனால் சிறு பொறியையும் பெருநெருப்பாக்கும். விளக்கு, கற்பூரம், நுளம்புத்திரி, பீடி எதுவும் அந்த அறையில் வேண்டாம்.

3. சிலிண்டரின் வாயில் எண்ணெயோ கிறீஸோ படக்கூடாது. மூக்கு வறண்டால் வசிலின் பூசாமல், நீர்த்தன்மையான களிம்பைக் கேட்டு வாங்குங்கள்.

4. மின்சாரம் நின்றால் என்ன செய்வது என்பதை வைத்தியசாலையில் முன்கூட்டியே பேசி வையுங்கள்.

5. ஒட்சிசன் வந்துவிட்டது என்று பம்ப் மருந்தை நிறுத்த வேண்டாம்.

இரண்டாவது விடயம் நம் பெண்களுக்குக் கடினமானது. குழாயைக் கழற்றி வைத்துவிட்டு, "பிள்ளைகளுக்கு ஒரு கறி வைத்துவிட்டு வருகிறேன்" என்று அம்மா அடுப்படிக்குப் போவாள். நெஞ்சைக் கெடுத்த அதே புகைக்குள் மீண்டும் போகிறாள். அவளைத் தடுத்தால் மட்டும் போதாது. அகப்பையை வீட்டிலுள்ள மற்றவர்கள், ஆண்பிள்ளைகளும்தான், கையில் எடுக்க வேண்டும். அடுப்படிக்கு ஒரு யன்னல், முடிந்தால் புகைபோக்கி வையுங்கள். அது அடுத்து அங்கே நிற்கப்போகும் மகளையும் காக்கும்.

மூக்கில் குழாயுடன் வெளியே போக வெட்கப்படுபவர்கள் உண்டு. கண்ணாடி போடுவதற்கு யாரும் வெட்கப்படுவதில்லையே. கோயிலுக்கும், பேரப்பிள்ளையின் பள்ளிக்கூட விழாவுக்கும் அவர்களை அழைத்துச் செல்லுங்கள்.