‘பேச்சுவார்த்தை’ என்ற சொல்லும் அதன் பொருளும்

இந்நாட்டின் அரசியலில் ‘பேச்சுவார்த்தை’ என்ற சொல்லைப் போல அதிகம் பயன்படுத்தப்பட்ட சொல் வேறொன்று இருக்குமா என்பது சந்தேகமே. 1985 ஆம் ஆண்டில் திம்புவிலும், 2002 செப்டெம்பர் முதல் 2003 மார்ச் வரை நோர்வேயின் அனுசரணையுடன் ஆறு சுற்றுகளாகவும் பேச்சுவார்த்தைகள் நடைபெற்றன. 2009 மே மாதத்தில் யுத்தம் முடிவுக்கு வந்த பின்னரும் இச்சொல் செய்திகளிலிருந்து மறைந்துவிடவில்லை. ஆயினும், அது உண்மையில் எதனைக் குறிக்கின்றது என்பதை நாம் நிதானித்து நோக்குவது அரிது.

‘பேச்சு’ தமிழ்ச் சொல். ‘வார்த்தை’ என்பது ‘வார்த்தா’ என்ற வடசொல்லின் வழிவந்தது. வடமொழியில் அதற்குச் செய்தி, தகவல் என்பன பொருள். தமிழில் அது ‘சொல்’ என்ற பொருளைப் பெற்றது. ஆகவே, பேச்சுவார்த்தை என்பது பேசுதலை இருமுறை வலியுறுத்தும் இணைமொழி எனலாம். ஆனால், பேசுவோர் இருவரும் சேர்ந்தே பேசுகின்றனர் என்பதைக் காட்டும் உறுப்பு எதுவும் அதில் இல்லை.

சிங்கள மொழியில் இதற்கு வழங்கும் சொல் ‘சாகச்சாவ’ என்பதாகும். பாளி மொழியின் ‘சாகச்சா’ என்பதே அதன் மூலம். ‘உடன்’ என்ற பொருளைத் தரும் முன்னொட்டும், பேச்சைக் குறிக்கும் ‘கதா’ என்ற சொல்லின் அடியும் அதில் இணைந்துள்ளன. ‘ஒருவரோடு ஒருவர் கதைத்தல்’ என்பதே அதன் நேர்ப்பொருள்.

இங்கு நாம் கவனிக்க வேண்டிய விடயம் ஒன்றுண்டு. தமிழகத்தவர் ‘பேசினேன்’ என்று கூறுமிடத்து, ஈழத்தமிழர் ‘கதைத்தேன்’ என்பர். சிங்கள மக்கள் ‘கதா கரனவா’ என்பர். இரண்டிற்கும் வேர் ஒன்றே. நாட்டின் எதிர்காலம் குறித்து இணங்க முடியாதிருந்த இரு சமூகங்களும், பேசுதல் என்ற செயலுக்கு அன்றாடம் ஒரே சொல்லையே பயன்படுத்தி வந்துள்ளன.

பௌத்தர்கள் ஓதிவரும் மங்கல சூத்திரம், உரிய காலத்தில் அறம்பற்றிக் கலந்துரையாடுவதை மங்கலங்களுள் ஒன்றாகக் கூறுகின்றது. அதற்கு முன்னதாகவே, உரிய காலத்தில் அறத்தைச் செவிமடுத்தலும் பொறுமையும் அங்கு எடுத்துரைக்கப்படுகின்றன. கேட்டலும் பொறுத்தலும் முன்னே, கதைத்தல் பின்னே என்பதே அவ்வரிசை.

சொல்லின் வேரைக் கொண்டு வரலாற்றின் தோல்விகளை விளக்கிவிட முடியாது. பேச்சுக்கள் முறிந்தமைக்கான காரணங்கள் அரசியலில் உள்ளனவேயன்றி அகராதியில் இல்லை. எனினும், ஒரு சொல் தன்னைப் பயன்படுத்துவோரிடம் எதனை எதிர்பார்க்கின்றது என்பதை அதன் வேர் நினைவூட்டும். தத்தம் நிலைப்பாட்டை அறிவித்துவிட்டு எழுந்து செல்வது பேச்சாகலாம். ‘உடன்’ என்ற உறுப்பு அங்கு இல்லாதவரை அது சாகச்சாவும் ஆகாது, கலந்துரையாடலும் ஆகாது. எதிரே அமர்ந்திருப்பவரோடு கதைப்பதற்கு, முதலில் அவர் சொல்வதைக் கேட்க வேண்டும்.