கடை எரிந்த பிறகு கேட்கப்படும் முதல் கேள்வி

2018 மார்ச் 5ஆம் திகதி திங்கட்கிழமை திகனையில் எரிந்த கடைகளில் என் நானாவின் புடவைக் கடையும் ஒன்று. ஊரடங்கு தளர்ந்த பிறகுதான் எங்களால் அந்த இடத்துக்குப் போக முடிந்தது. ஷட்டர் வளைந்து கிடந்தது. உள்ளே போனால் முழங்கால் அளவுக்குச் சாம்பல். நைலோன் துணி எரிந்தால் சாம்பலாகாது, உருகிக் கல்லாகிவிடும் என்பதை அன்றுதான் கண்டேன். நானா ஒன்றும் பேசவில்லை. காசுப்பெட்டி இருந்த மூலையில் குந்தியிருந்து எதையோ கிளறிக்கொண்டிருந்தார். காசைத் தேடுகிறார் என்று நினைத்தேன். அவர் தேடியது கடன் கொப்பியை.

சில நாட்கள் கழித்து விபரம் எழுத வந்தவர்கள் கேட்ட முதல் கேள்வி இதுதான்: "கடையில் எவ்வளவு பெறுமதியான சரக்கு இருந்தது?" நானா சொன்னார், "நிறைய இருந்தது சேர்." எழுத வந்தவர் பேனையை மூடிவிட்டு, "நிறைய என்று எழுத முடியாது" என்றார். அவர் கேலியாகச் சொல்லவில்லை, மிகவும் வருத்தத்தோடுதான் சொன்னார்.

நான் பாடசாலையில் வணிகமும் கணக்கீட்டுக் கல்வியும் படிப்பிப்பவன். அந்தக் கேள்விக்கான விடையை ஒவ்வொரு வருடமும் பத்தாம், பதினோராம் தரப் பிள்ளைகளுக்குக் கரும்பலகையில் எழுதிக் காட்டுகிறேன். என் சொந்த நானாவின் கடையில் அது இருக்கவில்லை. இந்த வெட்கத்தில்தான் இதை எழுதுகிறேன்.

நெருக்கடி என்பது எங்கள் சமூகத்து வியாபாரிகளுக்குப் புதியதல்ல. 1915ஐ விட்டுவிடுவோம். 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்டவர்கள் சில மணித்தியால அவகாசத்தில் கடையையும் வீட்டையும் அப்படியே விட்டுவிட்டு வந்தார்கள். 2004 சுனாமி சாய்ந்தமருது, மருதமுனைக் கரையைக் கழுவிச் சென்றது. 2014 ஜூனில் அளுத்கம, தர்கா நகர், பேருவளை. 2018இல் முதலில் அம்பாறை, பிறகு கண்டி. 2019 மே மாதத்தில் மினுவாங்கொடையும் குருநாகல், புத்தளம் மாவட்டக் கிராமங்களும். பிறகு கொரோனா, 2022 பொருளாதார வீழ்ச்சி, 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல். இத்தனையும் கண்ட பிறகும், "அல்லாஹ் பார்த்துக்கொள்வான்" என்று கடையைப் பூட்டிவிட்டு வருகிறோம். ஒட்டகத்தைக் கட்டிவிட்டுத்தான் தவக்குல் வைக்க வேண்டும் என்று ஜும்ஆவில் கேட்டுவிட்டு வந்த அதே நாளிலும்தான்.

முதலில் காப்புறுதியைப் பற்றிச் சொல்ல வேண்டும். இதில்தான் நம்மவர்கள் அதிகம் ஏமாறுகிறார்கள். யாரும் ஏமாற்றியதால் அல்ல, வாசிக்காததால். நானாவிடம் காப்புறுதி இருந்தது. ஒரு கடன் வசதிக்காக எடுத்த தீக் காப்புறுதி. கடை தீயில்தானே எரிந்தது, ஆகவே பணம் கிடைக்கும் என்று நாங்கள் எல்லோரும் நினைத்தோம். கிடைக்கவில்லை. சாதாரண தீக் காப்புறுதி மின்னொழுக்காலோ அடுப்பாலோ வரும் தீக்கு மட்டும்தான். கூட்டமாக வந்தவர்கள் வைத்த தீ அதற்குள் வராது. வேலைநிறுத்தம், கலவரம், சிவில் குழப்பம் என்று தனியாக ஒரு மேலதிகக் காப்பு இருக்கிறது. காப்புறுதிக்காரர்கள் எஸ்.ஆர்.சி.சி. என்பார்கள். 1983 கலவரங்களில் நாடு பட்ட அடிக்குப் பிறகு அதற்கென்றே ஒரு நிதியம் உருவானது. இன்று அது தேசிய காப்புறுதி நம்பிக்கை நிதியத்தின் கீழ் இருக்கிறது. நீங்கள் எந்தக் கம்பனியில் காப்புறுதி எடுத்தாலும் இந்தப் பகுதியை அதனோடு சேர்த்துக் கேட்டு வாங்கலாம். விண்ணப்பப் படிவத்தில் அது ஒரு சிறிய கட்டம். அதில் அடையாளம் இட வேண்டும், அதற்கான மேலதிகக் கட்டணத்தைக் கட்ட வேண்டும். நானாவின் படிவத்தில் அந்தக் கட்டம் வெறுமையாக இருந்தது.

வெள்ளமும் அப்படித்தான். பிங்கா ஓயா பெருக்கெடுத்து அக்குறணை நகருக்குள் வருவது எங்கள் பக்கத்தில் எல்லோரும் அறிந்த விடயம். அங்கே பல கடைக்காரர்கள் கீழ்த் தட்டில் விலை கூடிய சாமானை வைக்க மாட்டார்கள். அனுபவம் தந்த புத்தி. ஆனால் வெள்ளத்துக்கான கட்டத்தில் அடையாளம் இட்டிருக்கிறதா என்று கேட்டால், பத்திரம் எங்கே என்று வீட்டில் தேடத் தொடங்குகிறார்கள். கம்பளையிலும் டித்வாவுக்குப் பிறகு இதே தேடலைக் கண்டேன்.

காப்புறுதி வட்டியோடும் நிச்சயமின்மையோடும் கலந்தது, அதனால் வேண்டாம் என்று ஒதுங்கியிருப்பவர்களும் இருக்கிறார்கள். அந்தப் பேணுதலை நான் மதிக்கிறேன். அவர்களுக்காகத்தான் இருபது வருடங்களுக்கும் மேலாக இந்த நாட்டில் தகாபுல் இருக்கிறது. பேணுதலுக்காகக் காப்புறுதியை விட்டவர் தகாபுலை எடுத்திருந்தால் அது பேணுதல். இரண்டையும் எடுக்காதவர் கட்டணத்தைத்தான் மிச்சம் பிடித்திருக்கிறார்.

நானாவின் கடைக்கு மூன்று கடை தள்ளி ஒரு ஹார்ட்வெயார் கடை. அவரிடம் கலவரக் காப்பு இருந்தது. ஆனாலும் அவருக்குக் கிடைத்தது கொஞ்சம்தான். ஏன் என்பதை வகுப்பில் நான் சொல்லும் கணக்கால் விளக்குகிறேன். ஒருவரின் கடையில் 75 இலட்சம் ரூபாய்ச் சரக்கு இருக்கிறது. கட்டணத்தைக் குறைக்க அவர் 30 இலட்சத்துக்குத்தான் காப்புறுதி செய்கிறார். தீயில் 50 இலட்சம் நட்டம். அவர் நினைப்பது, 30 இலட்சமாவது வரும் என்று. வராது. சரக்கின் 75 பங்கில் 30 பங்கைத்தான் அவர் காப்புறுதி செய்திருக்கிறார், மீதிக்கு அவரே பொறுப்பு. ஆகவே நட்டத்திலும் 75இல் 30 பங்கு, அதாவது 20 இலட்சம்தான். பிள்ளைகள் இதை ஐந்து நிமிடத்தில் விளங்கிக்கொள்கிறார்கள். அவர்களின் வாப்பாமார்தான் நம்ப மறுக்கிறார்கள்.

குறைத்துக் காட்டுவதற்கு இன்னொரு காரணமும் இருக்கிறது. அதைப் பேச நமக்குப் பிடிக்காது. வரி. சரக்கு முழுவதையும் கணக்கில் காட்டினால் வருமான வரிக்காரர் வருவார் என்ற பயம். அரசாங்கத்துக்கு ஒரு கணக்கு, தனக்கு ஒரு கணக்கு. அந்தத் தனக்கான கணக்கும் பல கடைகளில் தாளில் இல்லை, முதலாளியின் தலைக்குள்தான் இருக்கிறது. கடை எரிந்த பிறகு அரசாங்கத்துக்குக் காட்டிய கணக்கை வைத்துத்தான் நட்டத்தை அளப்பார்கள். பொய்க் கணக்கு அன்று நமக்கு எதிரான சாட்சியாக வந்து நிற்கிறது.

நாங்கள் ஆசிரியர் கலாசாலையில் இருந்தபோது ஒரு விரிவுரையாளர் சொல்வார், காப்புறுதிப் பாடத்தை வரைவிலக்கணத்தில் தொடங்காதே, ஒரு உண்மையான பத்திரத்தை வகுப்புக்குக் கொண்டு போ என்று. பல வருடங்கள் நான் அப்படிச் செய்யவில்லை. இப்போது நானாவின் பத்திரத்தைத்தான் கொண்டு போகிறேன்.

சரி, சரக்குப் பட்டியலை எப்போது எடுப்பது, கடையில் அதற்கெங்கே நேரம் என்று கேட்பார்கள். இதற்கு விடை நம் மார்க்கத்திலேயே இருக்கிறது. வருடத்துக்கு ஒருமுறை ஸகாத் கொடுக்க வேண்டிய வியாபாரி, கடையிலுள்ள விற்பனைச் சரக்கை எண்ணி, இன்றைய விலைக்குப் பெறுமதி போட்டு, கையிலுள்ள பணத்தையும் வர வேண்டிய நல்ல கடன்களையும் சேர்த்து, கொடுக்க வேண்டிய கடனைக் கழித்து, இரண்டரை சதவீதம் எடுக்க வேண்டும். இதை ஒழுங்காகச் செய்தவரிடம் ஒவ்வொரு ரமழானிலும் ஒரு முழுமையான சரக்குப் பட்டியல் இருக்கும். காப்புறுதி மதிப்பீட்டாளர் கேட்பதும் இதையேதான். நானா ஸகாத் கொடுக்காதவர் அல்ல. தாராளமாகக் கொடுப்பவர். ஆனால் எண்ணிப் பார்த்ததில்லை. "கடைல உள்ளது அல்லாஹ்வுக்குத் தெரியும் தம்பி, குத்துமதிப்பாக் கூடவே குடுக்கிறன்" என்பார். கடன் கொடுக்கல் வாங்கலை எழுதிக்கொள்ளுமாறு சொல்லும் வசனம்தான் குர்ஆனிலேயே மிக நீளமானது என்பதை அவருக்கு நான் நினைவூட்டியது கடை எரிந்த பிறகுதான். அது நினைவூட்டுவதற்கு ஏற்ற நேரமல்ல என்று உம்மா என்னை ஏசினார்.

கடன் கொப்பி எரிந்ததால் நானாவுக்கு வர வேண்டிய பணமும் எரிந்தது. சிங்கள வாடிக்கையாளர்கள் சிலர் வீடு தேடி வந்து, "முதலாளி, இவ்வளவு தர வேண்டும்" என்று கொடுத்துவிட்டுப் போனார்கள். எங்கள் ஊரவர்களும் சிலர் வந்தார்கள். இரண்டு தரப்பிலும் வராதவர்கள்தான் அதிகம். ஒவ்வொரு இரவும் கடையை மூடும்போது அந்தப் பக்கத்தைக் கைத்தொலைபேசியில் படம் எடுத்து மகளுக்கு அனுப்பியிருந்தால் போதும். காப்புறுதிப் பத்திரம், கடை வாடகை ஒப்பந்தம், உறுதி, வியாபாரப் பதிவு எல்லாவற்றையும் அப்படியே செய்யலாம். மூலப் பிரதிகள் கடையில் இருக்கக் கூடாது. கடையிலேயே எல்லாவற்றையும் வைப்பது நம்மவர்களின் பழக்கம்.

மீண்டு வந்த கதையையும் சொல்ல வேண்டும். நானாவை எழுப்பியது நட்டஈடு அல்ல. அது வந்தபோது காலம் கடந்திருந்தது, தொகையும் சிறியது. அவரை எழுப்பியது புறக்கோட்டை. எரிந்த மறுநாளே, முன்திகதியிட்ட காசோலைகள் கொடுத்திருந்த மொத்த வியாபாரிகள் ஒவ்வொருவருக்கும் நானா தானே தொலைபேசி எடுத்தார். காசோலை திரும்பிய பிறகல்ல, திரும்புவதற்கு முன்னர். "கடை போய்விட்டது, காசோலையை வங்கியில் போட வேண்டாம், கணக்கு எனக்கு நினைவிருக்கிறது, தருவேன்." அவ்வளவுதான். ஒருவரைத் தவிர எல்லோரும் காசோலையை நிறுத்தி வைத்தார்கள். இருவர் மறுபடியும் சரக்குக் கொடுத்தார்கள். இருபது வருடம் நாணயமாக நடந்ததன் பலன் அது. தொலைபேசியை அணைத்துவிட்டு ஒளிந்திருந்த வேறு சிலருக்கு அந்தக் கதவு திறக்கவில்லை.

நிவாரணமும் வந்தது. நாட்டின் எல்லா மூலைகளிலிருந்தும் சகோதரர்கள் அனுப்பினார்கள், அல்லாஹ் அவர்களுக்கு நற்கூலி வழங்கட்டும். ஆனால் ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. புடவைக் கடைக்காரரான என் நானாவின் வீட்டுக்கு மூன்று பார்சல் உடுப்பு வந்தது. அவருக்குத் தேவைப்பட்டது சரக்கு வாங்க முதல். அதை வாய்விட்டுக் கேட்க அவருக்கு வெட்கம். நேற்றுவரை ஸகாத் கொடுத்தவர் இன்று வரிசையில் நிற்பதெப்படி? கடனில் மூழ்கியவர்கள் ஸகாத் பெறும் எட்டுக் கூட்டத்தாரில் அடங்குவார்கள். ஆனால் எங்கள் பைத்துஸ் ஸகாத் பட்டியல்களில் தையல் இயந்திரம் இருக்கிறது, முச்சக்கர வண்டி இருக்கிறது, எரிந்த கடைக்கு முதல் என்ற வரி அரிதாகத்தான் இருக்கிறது. பள்ளிவாசல்களும் வர்த்தக சங்கங்களும் நெருக்கடி இல்லாத காலத்திலேயே ஒரு கர்ழ் ஹஸன் நிதியைத் தொடங்கி, யாருக்கு எவ்வளவு, எத்தனை மாதத்தில் திருப்புவது என்று எழுதி வைத்தால், அந்த நாளில் யாரும் யாரிடமும் கெஞ்ச வேண்டியதில்லை. இல்லாவிட்டால் வட்டிக்குக் கொடுப்பவர் நமக்கு முன்னால் வந்துவிடுகிறார். 2018இல் வந்தார்.

2022 வேறு மாதிரியான நெருப்பு. சாம்பல் தெரியவில்லை. மார்ச் ஆரம்பத்தில் 203 ரூபாயளவில் வைக்கப்பட்டிருந்த டொலர் மே மாதத்தில் 360ஐத் தொட்டது. அப்போது நானாவின் கடையில் நல்ல வியாபாரம். ஆயிரம் ரூபாய்க்கு வாங்கிய சேர்ட்டை 1,250க்கு விற்றார். நூறு சேர்ட், 25 ஆயிரம் இலாபம் என்று சந்தோசப்பட்டார். திரும்ப வாங்கப் போனபோது அதே சேர்ட் 1,700. கையில் இருந்த 125,000க்கு 73 சேர்ட்தான் வந்தது. இலாபம் என்று அவர் வீட்டுச் செலவுக்கு எடுத்தது உண்மையில் முதல். விலை ஏறும் காலத்தில் வாங்கிய விலையைப் பார்த்து விற்பவர் சிறுகச் சிறுகக் கடையையே விற்கிறார். திரும்ப வாங்கும் விலையைப் பார்க்க வேண்டும். இது பதுக்கல் அல்ல. பதுக்கியவர்களும் இருந்தார்கள், அவர்களை நான் இங்கே நியாயப்படுத்தவில்லை.

கொரோனாவில் நடந்தது இதற்கு மறுபக்கம். 2020 மார்ச் 20இல் ஊரடங்கு வந்தபோது சித்திரைப் புத்தாண்டுக்கும் நோன்புப் பெருநாளுக்கும் வாங்கிய உடுப்பு கடை நிறைய இருந்தது, கையில் பணமில்லை. மூன்று மாத வாடகையும் சம்பளமும் தனியாக வைத்திருந்த கடைகள் தாக்குப் பிடித்தன. நானாவிடம் இல்லை. மைனியின் மாலை அடகுக்குப் போனது. அது இன்னும் முழுதாக மீளவில்லை.

கடந்த ரமழானில் தராவீஹுக்குப் பிறகு மூன்று இரவுகள் நானாவின் கடையில் சரக்கு எண்ணினோம். நானும் அவருடைய இரண்டு பிள்ளைகளும். சேர்ட், சாரம், அபாயா, பாடசாலைச் சீருடைத் துணி என்று எழுத எழுத அவர் முகம் மாறிக்கொண்டே வந்தது. கூட்டிப் பார்த்தபோது அவர் இத்தனை வருடம் குத்துமதிப்பாகக் கொடுத்து வந்த ஸகாத் குறைவாக இருந்திருக்கிறது. "கூடவே குடுத்ததா நினைச்சன்" என்று இரண்டு தரம் சொன்னார். பட்டியலைப் படம் எடுத்து மகளுக்கும் எனக்கும் அனுப்பினார். காப்புறுதி அடுத்த மாதம் புதுப்பிக்க வேண்டும். படிவத்தைக் கையெழுத்திடாமல் முதலில் என் வீட்டுக்குக் கொண்டுவரச் சொல்லியிருக்கிறேன்.