ஊமைப்பட உலகின் ராணி
24 வயதில் மறைந்த சீன நடிகை

சீன நாட்டில் ஒரு நடிகை இருந்தார். அவர் பெயர் ரூவான் லிங்யூ.

அவர் நடித்தவை ஊமைப்படங்கள். வசனம் எழுத்தாகத் திரையில் வரும். மற்றதை எல்லாம் முகத்தால்தான் சொல்ல வேண்டும். லிங்யூ சொன்னார். அவர் அழுதால் கொட்டகையே அழுதது.

அந்த நடிகையின் வாழ்வை ஊர்வம்பு பறித்தது.

வேலைக்காரியின் மகள்

லிங்யூ 1910-ம் ஆண்டு ஷாங்காய் நகரில் பிறந்தார். தகப்பனார் எண்ணெய்க் கம்பெனித் தொழிலாளி. மகள் சிறு பிள்ளையாக இருந்தபோதே அவர் இறந்துவிட்டார்.

தாயார் ஒரு பணக்காரர் வீட்டில் வேலைக்காரியாகச் சேர்ந்தார். மகளைப் பள்ளிக்கூடத்தில் படிக்க வைத்தார்.

அந்த வீட்டுப் பிள்ளை ஜாங் தாமின். அவருக்கும் லிங்யூவுக்கும் காதல் ஏற்பட்டது. முறைப்படி கல்யாணம் நடக்கவில்லை. ஆனாலும் சேர்ந்து வாழ்ந்தார்கள்.

லிங்யூ 1926-ல் 'மிங்சிங்' படக் கம்பெனியில் சேர்ந்தார். அப்போது வயது 16. அடுத்த ஆண்டே முதல் படம் வெளிவந்தது.

தாமின் சூதாட்டப் பிரியர். லிங்யூ சம்பாதித்தார்; அவர் தோற்றார்.

தாயும் அவரே, மகளும் அவரே

1930-ல் 'லியன்ஹுவா' என்ற புதிய கம்பெனி தோன்றியது. லிங்யூவின் புகழும் அங்கே வளர்ந்தது.

1931-ல் 'காதலும் கடமையும்' என்ற படம் வந்தது. அதில் அவருக்கு இரட்டை வேடம். தாயாகவும் மகளாகவும் நடித்தார்.

1934-ல் வந்த 'தெய்வ மகள்' படத்தின் டைரக்டர் வூ யோங்காங். கதை இதுதான்:

ஓர் ஏழைத் தாய். வேறு வழி இல்லாமல் உடலை விற்றுப் பிழைக்கிறாள். மகனைப் படிக்க வைக்கிறாள். அவள் தொழிலை அறிந்த மற்றப் பெற்றோர்கள் புகார் செய்கிறார்கள். பையனைப் பள்ளியிலிருந்து நீக்கிவிடுகிறார்கள். அவள் சேர்த்து வைத்த பணத்தை ஒரு போக்கிரி எடுத்து அழித்துவிடுகிறான். ஆத்திரத்தில் அவனைக் கொன்றுவிட்டு அவள் சிறைக்குப் போகிறாள்.

"உன் தாய் இறந்துவிட்டாள் என்று பையனிடம் சொல்லுங்கள்" என்று தலைமை ஆசிரியரிடம் கேட்டுக்கொள்கிறாள். மகன் தலைகுனியக் கூடாது என்பதே அவள் எண்ணம்.

அந்தத் தாய்க்குப் படத்தில் பெயரே இல்லை. ஆனால் அந்த முகத்தைப் பார்த்தவர்கள் மறக்கமாட்டார்கள்.

பத்திரிகைகளின் கோபம்

1935-ல் 'புதுமைப் பெண்கள்' வந்தது. ஐ சியா என்ற நடிகை 1934-ல் தற்கொலை செய்துகொண்டார். அவர் கதையைத் தழுவிய படம் அது. வம்பு எழுதும் நிருபர் ஒருவரும் அதில் வருகிறார். நிருபர்கள் கொதித்தார்கள். கம்பெனி மன்னிப்புக் கேட்டது. சில காட்சிகளும் வெட்டப்பட்டன.

ஆனால் கோபம் லிங்யூ மீது திரும்பியது.

அப்போது அவர் தாமினைப் பிரிந்து, தாங் ஜிஷான் என்ற தேயிலை வியாபாரியுடன் வாழ்ந்து வந்தார். தாமின் இருவர்மீதும் வழக்குப் போட்டார். பத்திரிகைகளுக்குக் கொண்டாட்டம். ஒரு பெண்ணின் வீட்டு விஷயம் தெருவுக்கு வந்தது.

1935 மார்ச் 8. உலக மகளிர் தினம். அன்று லிங்யூ தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். வயது 24.

ஷாங்காய் நகரம் கலங்கியது. லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் இறுதி ஊர்வலத்தைக் காணத் திரண்டதாகச் சொல்வார்கள்.

வம்பைக் கண்டு அஞ்சியதாக ஒரு கடிதம் அவர் பெயரில் வெளியாயிற்று. அதை எழுதியது அவர்தானா என்று பிற்காலத்தில் சந்தேகம் எழுந்தது. ஆனால் பத்திரிகைகள் எழுதியதில் சந்தேகம் இல்லை. பெரிய எழுத்தாளர் லூ சுன், பத்திரிகைகளைக் கண்டித்து அந்த ஆண்டே கட்டுரை எழுதினார். வலியவர்களிடம் வாலைச் சுருட்டும் பத்திரிகை, எளியவர்களை வதைக்கிறது என்பது அவருடைய குற்றச்சாட்டு.

திரும்பி வந்த படம்

லிங்யூ நடித்த படங்களில் பல அழிந்துவிட்டன. 'காதலும் கடமையும்' படமும் அழிந்ததாகவே நினைத்தார்கள். 1990-களில் அதன் பிரதி ஒன்று, கடல் கடந்து, தென் அமெரிக்காவில் உருகுவே நாட்டில் கிடைத்தது!

லிங்யூவின் வாழ்க்கையையும் ஹாங்காங்கில் படமாக எடுத்தார்கள். அதில் லிங்யூவாக நடித்த மேகி சியுங், 1992-ல் பெர்லின் பட விழாவில் சிறந்த நடிகைக்கான பரிசு பெற்றார்.

வம்பு எழுதிய காகிதங்கள் மக்கிப்போயின. பெயரில்லாத அந்தத் தாயைப் பார்த்து, இன்றும் ரசிகர்கள் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார்கள்.