மைக்காளான்: அதன் இயல்பும் அறியும் முறையும்

நெடுநாள் தீ மூட்டப்படாத அடுப்பிலே ஆம்பி பூத்திருத்தலை வறுமையின் அடையாளமாகப் பாடினார் பெருந்தலைச் சாத்தனார். குமணனை நோக்கி அவர் பாடிய அச்செய்யுள் புறநானூற்றில் உள்ளது. ஆம்பி என்பது காளானுக்குரிய பழந்தமிழ்ப் பெயர்களுள் ஒன்று. அக்காளான் இனத்துள் ஒரு வகை, விரிந்த சில மணி நேரத்துள் தன்னைத் தானே கரைத்துக் கருநீராக ஒழுகிவிடும். அதனை ஈண்டு மைக்காளான் என வழங்குவோம்.

திருகோணமலைப் பகுதியிலே ஐப்பசி முதல் மார்கழி வரை வடகீழ்ப் பருவமழை மிகும். அம்மழைக்குப் பின் தம்பலகாமத்து வயலோரங்களில் நனைந்து கிடக்கும் வைக்கோல், மாட்டுத் தொழுவத்து எருக்குவியல், உளுத்த மரக்குற்றி ஆகியவை இதனைத் தேடுதற்குரிய இடங்களாம். ஒருமுறை மாணவன் ஒருவன் சாம்பல்நிறக் காளான்கள் நான்கினைச் சிரட்டையில் இட்டுக் காலையிலே வகுப்புக்குக் கொணர்ந்தான். பிற்பகலில் எடுத்துப் பார்த்தபோது காம்புகளும் கருநீருமே எஞ்சியிருந்தன. "அழுகிவிட்டது, ஐயா" என்று அவன் வருந்தினான். அஃது அழுகலன்று என்பதை விளக்க அன்றைய பாடவேளை முழுவதும் சென்றது.

காளானின் குடைக்கு அடியில் மெல்லிய தகடுகள் நெருங்கி அமைந்திருக்கும். வித்திகள் விளைவது அத்தகடுகளின் பக்கங்களிலேயாம். பெரும்பாலான காளான்களில் தகடு ஆப்புப்போலக் கீழ்நோக்கி ஒடுங்குவதால், வித்திகள் தடையின்றி வீழ்ந்து காற்றிற் கலக்கும். மைக்காளானின் தகடுகளோ ஒடுங்காதவை, மிக நெருக்கமானவை. ஆதலால் இங்கே வேறொரு முறை அமைந்துள்ளது. வித்திகள் கீழ்விளிம்பிலே முதலில் முதிர்ந்து வெளியேறும். வெறுமையான விளிம்பினை அக்காளானே தன் நொதியங்களால் செரித்துக் கரைத்துவிடும். அதன்பின் மேலுள்ள வித்திகளுக்கு வழி திறக்கும். இவ்வாறு கரைதல் விளிம்பிலிருந்து மேல்நோக்கிப் படிப்படியாக ஏறும். இவ்வுண்மையை ஆராய்ந்து 1909 ஆம் ஆண்டில் நூலாக வெளியிட்டவர் கனடா நாட்டு வினிபெக்கில் பணியாற்றிய புல்லர் என்னும் அறிஞர். மையுடன் ஒழுகுபவை பின்தங்கிய வித்திகளே. பெரும்பாலானவை அதற்கு முன்னரே காற்றேறிச் சென்றுவிடும். ஆகவே கரைதல் இக்காளானுக்கு இறுதி நோயன்று. இனம் பரப்பும் தொழிலேயாம்.

இவை முன்னர்க் கொப்பிரினசு என்னும் ஒரே சாதியில் அடக்கப்பட்டிருந்தன. எருவைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லின் வழிவந்தது அப்பெயர். பரம்பரையலகு ஆராய்ச்சியின் பயனாக 2001 இல் அச்சாதி நான்காகப் பகுக்கப்பட்டது. வைக்கோலிலும் எருவிலும் வளரும் சாம்பல்நிற வகை ஆய்வுகூடங்களிற் பெரிதும் பயன்படுவது. அதன் பரம்பரையலகுத் தொகுதி முழுவதும் 2010 இல் வெளியிடப்பட்டது. இலங்கைக் காளான்களைப் பற்றிய அறிவுக்கு அடித்தளமிட்டோருள் 1905 இல் பேராதனைப் பூங்காவிற்கு வந்த பெற்ச் என்பவர் முதன்மையானவர். அவரும் பிஸ்பியும் தொகுத்த இலங்கைப் பங்கசுகளின் பட்டியல் 1950 இல் வெளிவந்தது.

இனி, அறியும் முறை. முதலாவது, வளரும் இடத்தைக் குறித்துக்கொள்க. இரண்டாவது, குடையின் வடிவை நோக்குக. இளமையில் முட்டை அல்லது மணி போன்றிருந்து, பின் விரிந்து, விளிம்பு கிழிந்து சுருளும். மூன்றாவது, தகடுகளின் நிறமாற்றத்தைக் காண்க. வெண்மை சாம்பலாகி, அதன்பின் கருமையாகும். நான்காவது, விரியத் தொடங்கிய குடையை வெள்ளைத் தாளிற் கவிழ்த்து மூடிவைத்தால் வித்திகள் கரும்பொடியாகப் படியும். வெப்ப நாடுகளின் புற்றரைகளில் முளைக்கும் நச்சுக்காளான் ஒன்று இளமையில் வெண்ணிறமாய் மயக்கந் தரும். அதன் வித்திப்பொடி பச்சை. ஆயினும் கரைதல் ஒன்றையே அடையாளமாகக் கொள்ளலாகாது. உளுத்த மரத்தில் நூற்றுக்கணக்காய்க் கூட்டமாக முளைக்கும் சிறு வகையொன்று, மைக்காளான் உறவினதாயினும், மையாகக் கரைவதில்லை.

உண்ணலாமோ என்பார்க்கு ஓர் எச்சரிக்கை. மேனாடுகளிற் பெரிதும் காணப்படும் ஒரு மைக்காளானிலே கொப்பிரின் என்னும் பொருள் உண்டு. 1975 இல் அது பிரித்தறியப்பட்டது. மது அருந்தாதவரை அது பெரும்பாலும் வருத்தாது. மது அருந்தியவரின் உடலிலோ, மதுசாரத்தினின்று உண்டாகும் அசற்றல்டிகைட்டு மேலும் சிதையாமல் தடுத்துவிடும். அதனால் முகஞ் சிவத்தல், நெஞ்சு படபடத்தல், குமட்டல், வாந்தி ஆகியன தோன்றும். காளானை உண்டு சில நாள் கழித்து மது அருந்தினும் இத்துன்பம் நேரலாம். துன்புறுபவர் அன்றருந்திய கள்ளைக் குறைகூறுவாரேயன்றி முன்னாள் உண்ட கறியை நினையார்.

எனவே, ஏட்டைப் படித்தோ படத்தைப் பார்த்தோ காட்டுக் காளானை உண்ணுதல் தகாது. உண்டபின் உடல் வருந்தினால் எஞ்சிய காளானையும் எடுத்துக்கொண்டு உடனே மருத்துவமனைக்குச் செல்க. மாணவர்க்கு இக்காளான் பயன்படுவது உணவாகவன்று, பாடமாகவேயாம். அடுத்த மாரியில் ஒன்றைக் கண்டால் பிடுங்காது விட்டுக் காலை, நண்பகல், மாலை என முப்பொழுதும் சென்று நோக்கிக் குறிப்பெழுதுக. புல்லர் எழுதியதை நீவிர் உம் கண்ணாலேயே காணலாம்.