மீர் சுல்தான் கான்

மீர் சுல்தான் கான் பிரிக்கப்படாத இந்தியாவின் பஞ்சாப் மாகாணத்தில் பிறந்த சதுரங்க வீரர் ஆவார். 1929, 1932, 1933 ஆகிய மூன்று ஆண்டுகளில் பிரிட்டிஷ் சாம்பியன் பட்டத்தை வென்றார். முன்னாள் உலக சாம்பியன் கபபிளாங்காவைத் தோற்கடித்தார். அவர் ஐரோப்பாவில் ஆடிய காலம் மொத்தமாகவே ஐந்து ஆண்டுகளுக்குக் குறைவு. அதற்குள் உலகின் முதல் பத்து ஆட்டக்காரர்களில் ஒருவராக மதிக்கப்பட்டார். ஆனால் கிராண்ட்மாஸ்டர் என்ற பட்டம், அவர் இறந்து ஏறத்தாழ 58 ஆண்டுகள் கழித்து 2024இல்தான் அவர் பெயரோடு சேர்ந்தது.

பிறப்பும் இளமையும்

இன்றைய பாகிஸ்தானில் குஷாப் மாவட்டத்தைச் சேர்ந்த மிட்டா திவானா என்ற ஊர் அவருடைய சொந்த ஊர். பிறந்த ஆண்டு 1903 என்றும் 1905 என்றும் இருவிதமாக எழுதப்படுகிறது. ஒன்பது வயதில் தந்தையிடம் சதுரங்கம் கற்றார்.

அவர் கற்றது இன்று பள்ளிகளில் சொல்லித் தரப்படும் சதுரங்கம் அன்று, இந்திய முறைச் சதுரங்கம். அதில் சிப்பாய் முதல் நகர்த்தலில்கூட ஒரு கட்டம்தான் போகலாம். கடைசி வரிசையை எட்டிய சிப்பாய் விரும்பிய காயாக மாறிவிட முடியாது. எந்தக் காயின் இடத்தில் போய்ச் சேர்ந்ததோ அந்தக் காயாகத்தான் மாறும். ராஜாவையும் யானையையும் ஒரே நகர்த்தலில் இடம் மாற்றும் ‘கோட்டை கட்டுதல்’ கிடையாது. அதற்குப் பதிலாக ராஜா, எதிரியிடம் ‘செக்’ வாங்காத வரையில், ஒரே ஒரு முறை குதிரையைப் போலத் தாவலாம். ஊருக்கு ஊர் இந்த விதிகளில் சிறு வேறுபாடுகளும் உண்டு.

இந்த வேறுபாடுகளைச் சாதாரணமாக நினைத்துவிடக் கூடாது. சிப்பாய் இரண்டு கட்டம் பாய முடிந்தால் ஆட்டத்தின் தொடக்கம் வேகமாகிவிடும். ஐரோப்பியர்கள் அந்தத் தொடக்க நகர்த்தல்களை நூற்றுக்கணக்கான ஆண்டுகளாக ஆராய்ந்து, நூல்களாக எழுதி, மனப்பாடம் செய்து வைத்திருந்தார்கள். இந்திய முறை ஆட்டமோ மெதுவாகத் தொடங்கி, நடுப்பகுதியிலும் இறுதிப் பகுதியிலும்தான் சூடு பிடிக்கும். சுல்தான் கானின் பலமும் பலவீனமும் இதிலிருந்தே வந்தன. தொடக்கத்தில் அவர் தடுமாறுவார். காய்கள் குறையக் குறைய அவரை வெல்வது கடினமாகிவிடும்.

லண்டன் பயணம்

அவருடைய திறமையை அறிந்த பஞ்சாப் நிலப்பிரபு சர் உமர் ஹயாத் கான் திவானா அவரைத் தம்மிடம் சேர்த்துக்கொண்டார். ஐரோப்பிய விதிகளும் அங்கேதான் அவருக்குக் கற்பிக்கப்பட்டன. 1928இல் நடந்த அகில இந்தியப் போட்டியில் எட்டு வெற்றி, ஒரு சமநிலை, தோல்வியே இல்லை என்ற கணக்கில் சாம்பியன் ஆனார். அடுத்த ஆண்டு உமர் ஹயாத் கான் அவரை லண்டனுக்கு அழைத்துச் சென்றார்.

அங்கே பயிற்சிக்காக நடந்த ஒரு சிறு போட்டியில் கடைசி இடத்தை இன்னொருவருடன் பகிர்ந்துகொண்டார். வில்லியம் வின்டர், பிரெடரிக் யேட்ஸ் என்ற இரு ஆங்கிலேய வீரர்கள் அவருக்குத் தொடக்க ஆட்டத்தில் பயிற்சி அளித்தார்கள். அதே கோடையில் ராம்ஸ்கேட் நகரில் நடந்த பிரிட்டிஷ் சாம்பியன் போட்டியில் அவர் முதலிடம் பெற்றார். பேரரசின் குடிமக்கள் எல்லோரும் அந்தப் போட்டியில் கலந்துகொள்ளலாம் என்பதால்தான் அவரால் அதில் ஆட முடிந்தது. சில மாதங்களுக்கு முன் கடைசி இடத்தில் இருந்தவர், நாட்டின் சாம்பியன்!

ஆட்ட வாழ்க்கை

1930இல் பெல்ஜியத்தின் லியேஜ் நகரப் போட்டியில் தார்த்தகோவருக்கு அடுத்தபடியாக இரண்டாம் இடம் பெற்றார். 1930–31 ஹேஸ்டிங்ஸ் போட்டியில் மூன்றாம் இடம். அந்தப் போட்டியில்தான் கபபிளாங்காவை வென்றார். 1921 முதல் 1927 வரை உலக சாம்பியனாக இருந்த கியூபா நாட்டுக் கபபிளாங்கா தோற்பது என்பதே அன்று செய்தி. 65 நகர்த்தல்கள் நீண்ட அந்த ஆட்டத்தில் அதிரடித் தாக்குதல் எதுவும் இல்லை. எதிராளிக்கு மூச்சுவிட இடம் தராமல், படிப்படியாக நெருக்கி வென்றார். இறுதி ஆட்டத்தின் பேராசான் என்று பெயர் வாங்கியவரை அவருடைய முறையிலேயே வென்றது குறிப்பிடத்தக்கது. மாணவர்கள் பலகையை எதிரே வைத்து ஒரு முறை நகர்த்திப் பார்க்க வேண்டிய ஆட்டம் இது.

பிரிட்டன் அணியின் முதல் பலகையில் மூன்று ஒலிம்பியாட் போட்டிகளில் ஆடினார்: 1930 ஹாம்பர்க், 1931 பிராக், 1933 ஃபோக்ஸ்டோன். இவற்றில் பிராக் ஒலிம்பியாடே உச்சம். 17 ஆட்டங்களில் எட்டு வெற்றி, ஏழு சமநிலை, இரண்டே தோல்விகள். அங்கே ஃப்ளோரையும் ரூபின்ஸ்டைனையும் வென்றார். அப்போதைய உலக சாம்பியன் அலெகைனுடன் சமநிலை கண்டார். அதே ஆண்டு தார்த்தகோவருடன் நடந்த 12 ஆட்டத் தொடரையும் வென்றார். 1932இல் ஃப்ளோருடன் ஆடிய தொடரில் மட்டும் சிறிய வித்தியாசத்தில் தோற்றார்.

இங்கிலாந்தின் குளிர் அவர் உடலுக்கு ஒத்துக்கொள்ளவில்லை. மலேரியாவும் தொண்டைப் புண்ணும் அடிக்கடி தாக்கின. கழுத்தைச் சுற்றித் துணியோடு ஆட வந்ததும் உண்டு.

1933இல் ஹேஸ்டிங்ஸில் அவர் மூன்றாம் முறை பிரிட்டிஷ் சாம்பியன் ஆனபோது, உமர் ஹயாத் கானின் இல்லத்தைச் சேர்ந்த மிஸ் பாத்திமா என்ற இளம்பெண் மகளிர் பட்டத்தை வென்றார். பத்து வெற்றி, ஒரு சமநிலை. இரண்டாம் இடத்தவரைவிட மூன்று புள்ளிகள் அதிகம். சுல்தான் கானைப் பற்றி எழுதுபவர்கள் பலரும் இவரை ஒரு வரியில் கடந்துவிடுவது நியாயமன்று.

அந்த ஆண்டின் இறுதியில் உமர் ஹயாத் கான் நாடு திரும்பினார். அவருடன் சுல்தான் கானும் திரும்பினார். 1935இல் காடில்கர் என்பவருடன் பத்து ஆட்டங்கள் ஆடி, ஒன்றைச் சமநிலையாக விட்டு மற்ற ஒன்பதையும் வென்றார். அதன்பின் பெரிய போட்டிகளில் அவர் இல்லை. சொந்த ஊர்ப் பக்கத்தில் நிலத்தைக் கவனித்துக்கொண்டு வாழ்ந்து, 1966 ஏப்ரல் 25 அன்று சர்கோதாவில் காலமானார். பிள்ளைகளுக்கு அவர் சதுரங்கம் கற்றுக்கொடுக்கவில்லை. வாழ்க்கைக்குப் பயன்படும் வேறு வேலையைப் பாருங்கள் என்று சொல்லிவிட்டதாக மூத்த மகன் நினைவுகூர்ந்திருக்கிறார்.

வேலைக்காரரா?

மேற்கத்திய நூல்கள் நெடுங்காலமாக அவரை எழுதப் படிக்கத் தெரியாத வேலைக்காரர் என்றே வர்ணித்து வந்தன. 2020இல் வெளியான டேனியல் கிங்கின் வாழ்க்கை வரலாற்று நூல் தன் தலைப்பிலேயே அவரை இந்திய வேலைக்காரர் என்றது. அவருடைய பேத்தி இதை மறுத்து எழுதினார். தம் தாத்தா நிலம் உள்ள குடும்பத்தில் பிறந்தவர், படிக்கத் தெரிந்தவர், ஆட்டத் திறமைக்காக ஆதரிக்கப்பட்டவர் என்பது அவர் வாதம். ஆதரவாளருக்கும் ஆதரிக்கப்பட்டவருக்கும் இடையே எஜமான், ஊழியர் என்ற உறவைத் தவிர வேறு எதையும் காணாத பழக்கம் அன்றைய லண்டன் பத்திரிகைகளுக்கு இருந்தது. அவற்றை நம்பி எழுதப்பட்ட பழைய குறிப்புகளை எச்சரிக்கையோடு படிப்பது நல்லது.

பட்டம்

இன்று கிராண்ட்மாஸ்டர் ஆக, 2500 தரப்புள்ளியும், ‘நார்ம்’ எனப்படும் தகுதி நிலையை மூன்று முறை எட்டியிருப்பதும் தேவை. தொடக்கத்தில் இந்தக் கணக்கெல்லாம் இல்லை. 1950இல் ஃபிடே எனப்படும் உலகச் சதுரங்கக் கூட்டமைப்பு, உயிரோடு இருந்த 27 பேரைத் தேர்ந்தெடுத்து முதன்முதலாக இப்பட்டத்தை அதிகாரப்பூர்வமாக வழங்கியது. பட்டியலில் தார்த்தகோவர் இருந்தார், ஃப்ளோர் இருந்தார், ரூபின்ஸ்டைன் இருந்தார். மூவரும் சுல்தான் கானிடம் தோற்றவர்கள். அவர் பெயர் மட்டும் இல்லை.

ஆடுவதை நிறுத்திப் பல ஆண்டுகள் ஆகிவிட்டன என்பதைக் காரணமாகச் சொல்ல முடியாது. ரூபின்ஸ்டைனும் 1930களின் தொடக்கத்திலேயே போட்டிகளை விட்டவர்தான். இன்னோர் உதாரணமும் உண்டு. 1926இலேயே ஆட்டத்தை விட்ட மெக்சிகோ வீரர் கார்லோஸ் டோரேவுக்கு 1977இல் கிராண்ட்மாஸ்டர் பட்டம் கிடைத்தது. சுல்தான் கான் 1950க்குப் பின்னும் 16 ஆண்டுகள் உயிரோடு இருந்தார். சர்கோதாவுக்காகப் பேச ஐரோப்பாவின் கூட்ட அறைகளில் ஆள் இல்லை என்றுதான் கொள்ள வேண்டியிருக்கிறது.

ஆசியாவின் முதல் கிராண்ட்மாஸ்டராக 1974இல் பிலிப்பைன்ஸின் யூஜினியோ டோரே பட்டம் பெற்றார். இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் என்ற பெருமை 1988இல் சென்னையின் விசுவநாதன் ஆனந்துக்குக் கிடைத்தது. 2024 தொடக்கத்தில் ஃபிடே தலைவர் ஆர்க்காடி துவோர்கோவிச் பாகிஸ்தான் சென்றபோது, சுல்தான் கானுக்குரிய கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டத்தை அந்நாட்டின் இடைக்காலப் பிரதமர் அன்வாருல் ஹக் காக்கரிடம் வழங்கினார். பாகிஸ்தானின் முதல் கிராண்ட்மாஸ்டராக இன்று அவர் பெயர் குறிக்கப்படுகிறது.